போர் பாயின்ட் ஏறிவிட்டதா? சூட்டைக் கூட்டும் முன் பார்க்க வேண்டியவை

"அண்ணே, போர் பாயின்ட் ஏறிருச்சு. டெம்பரேச்சரைக் கூட்டலாமா?"

ரிஃபைனரியில் எண்ணெயிலிருந்து மெழுகு நீக்கும் யூனிட்டில் பேனலில் (கட்டுப்பாட்டு அறையில்) உட்கார்ந்திருக்கும் நம் பக்கத்துப் பிள்ளைகள் என்னிடம் அதிகம் கேட்கும் கேள்வி இதுதான். போர் பாயின்ட் (pour point) என்றால் எண்ணெய் இன்னும் ஓடக்கூடிய மிகக் குறைந்த சூடு. மெழுகு மிஞ்சினால் அது ஏறும். நாகை, திருவாரூர், மயிலாடுதுறை, காரைக்கால் பக்கம் டிப்ளமோ முடித்தவர்கள் ரிஃபைனரி வேலைக்குப் போவது வழக்கமாகிவிட்டது. பனங்குடியில் 1993-ல் வந்த ஆலையை ஊரில் எல்லாரும் நரிமணம் ரிஃபைனரி என்றே சொல்வார்கள். ஆண்டுக்கு 5 லட்சம் டன்னில் தொடங்கி 10 லட்சம் டன்னுக்கு வளர்ந்த சிறிய ஆலை அது. அந்த இடத்தில் 90 லட்சம் டன் ஆலை கட்ட 2021 பிப்ரவரியில் அடிக்கல் நாட்டினார்கள். ஆனால் ஹைட்ரஜனும் கேட்டலிஸ்ட்டும் (வினையூக்கி) வைத்து எண்ணெயில் மெழுகை நீக்கும் யூனிட்டில் வேலை பழக வேண்டும் என்றால் இன்றைக்கும் ஹால்தியா, மும்பை, வளைகுடா என்று வெளியே போக வேண்டியிருக்கிறது. போனவர்கள் நைட் ஷிஃப்டில் தனியாக மாட்டிக்கொள்ளும்போது கையில் தமிழில் ஒரு குறிப்பு இருக்கட்டும் என்று இதை எழுதுகிறேன்.

அந்தக் கேள்விக்கு என் பதில் எப்போதும் ஒன்றுதான்: கூட்டாதே, முதலில் பார். கடைமடை வயலுக்குத் தண்ணீர் ஏறவில்லை என்றால், மேட்டூரில் கூடுதலாகத் திறக்கச் சொல்லும் முன் நம் வாய்க்காலில் ஆகாயத்தாமரை அடைத்திருக்கிறதா, மதகுப் பலகை இறங்கிக் கிடக்கிறதா என்று பார்ப்போம் இல்லையா, அதே முறைதான் இங்கேயும். ரியாக்டர் (வினை நடக்கும் கலன்) சூட்டைக் கூட்டினால் போர் பாயின்ட் பெரும்பாலும் இறங்கத்தான் செய்யும். அதனால்தான் அது ஆபத்தான மருந்து. உண்மையான கோளாறு அப்படியே மறைந்து கிடக்கும், நல்ல எண்ணெய் உடைந்து கேஸாகப் போகும், கேட்டலிஸ்ட்டின் ஆயுள் குறையும்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். உங்கள் யூனிட்டின் மேனுவலும், கேட்டலிஸ்ட் கொடுத்தவர்கள் எழுதிக் கொடுத்த வரம்புகளும் இந்தக் குறிப்புக்கு மேலானவை. இரண்டும் முரண்பட்டால் அங்கே சொன்னதைச் செய்யுங்கள்.

உங்கள் ரியாக்டர் எந்த வகை?

இது தெரியாமல் எந்த அறிகுறிக்கும் சரியான அர்த்தம் கிடைக்காது.

எண்ணெயில் மெழுகு என்பது பெரும்பாலும் கிளையில்லாத நீளச் சங்கிலி பாரஃபின்கள். பதினெட்டு கார்பன் கொண்ட நேர்ச்சங்கிலி 28 டிகிரி செல்சியஸில் உருகும். முப்பது கார்பன் என்றால் 66 டிகிரி வரை போகும். மணலி போன்ற ஆலைகளில் பழகிய முறையில், எண்ணெயைக் கரைப்பானில் கலந்து குளிரவைத்து, உறைந்த மெழுகை வடிகட்டி எடுப்பார்கள். கேட்டலிஸ்ட் முறையில் அந்த மூலக்கூறையே மாற்றிவிடுகிறோம்.

மாற்றுவதில் இரண்டு வழி உண்டு. முதல் வழி உடைப்பது. இசட்.எஸ்.எம்-5 என்ற ஜியோலைட்டின் துளை சுமார் 5.5 ஆங்ஸ்ட்ராம். நேர்ச்சங்கிலி அதற்குள் நுழையும், பருத்த மூலக்கூறுகள் வெளியிலேயே நின்றுவிடும். உள்ளே போனது உடைந்து புரோப்பேன், பியூட்டேன், நாஃப்தாவாக வெளியே வரும். இரண்டாவது வழி வளைப்பது, அதாவது ஐசோமராக்குவது. சாபோ-11, இசட்.எஸ்.எம்-48 மாதிரி ஒற்றை வழித் துளை கொண்ட பொருளின் மேல் பிளாட்டினமோ பல்லேடியமோ ஏற்றியிருப்பார்கள். அது சங்கிலியை உடைக்காமல் பக்கவாட்டில் ஒரு கிளையைப் போடும். பதினெட்டு கார்பனில் ஒரே ஒரு கிளை வந்தாலே உருகுநிலை இருபது டிகிரி அளவுக்கு இறங்கிவிடும். மூலக்கூறு எண்ணெயிலேயே தங்கிவிடுவதால் விளைச்சலும் விஸ்காசிட்டி இண்டெக்ஸும் (சூடு மாறினாலும் எண்ணெயின் பிசுபிசுப்பு அதிகம் மாறாததைக் காட்டும் எண்) நன்றாக இருக்கும். பனங்குடி ஆலை வந்த அதே 1993-ல்தான் செவ்ரான் நிறுவனம் கலிஃபோர்னியாவில் தன் ரிச்மண்ட் ஆலையில் இந்த இரண்டாவது வழியை வணிக அளவில் ஓட்டியது.

உடைக்கும் கேட்டலிஸ்ட் ஓரளவு அழுக்கைத் தாங்கும். பிளாட்டினம் ஏற்றியது தாங்காது. அதற்கு முன்னால் ஒரு ஹைட்ரோட்ரீட்டர் (ஹைட்ரஜனால் சுத்தம் செய்யும் ரியாக்டர்) நின்று கந்தகத்தையும் நைட்ரஜனையும் எடுத்துவிட வேண்டும். பொதுவாகக் கந்தகம் 10 பிபிஎம் (பத்து லட்சத்தில் 10 பங்கு) அளவிலும் அதற்குக் கீழும், நைட்ரஜன் ஓரிரு பிபிஎம்முக்குள்ளும் இருக்க வேண்டும் என்பார்கள். கீழே வரும் பாதிக் கோளாறுகளின் வேர் இந்த ஹைட்ரோட்ரீட்டரில்தான் இருக்கிறது.

அறிகுறி: போர் பாயின்ட் சட்டென்று ஏறியது

ஒரு ஷிஃப்டுக்குள் ஏறியதா, வாரக்கணக்கில் மெல்ல ஏறியதா என்று முதலில் பிரித்துக்கொள்ளுங்கள். கேட்டலிஸ்ட் ஒரே ராத்திரியில் கிழடாவது அபூர்வம். சட்டென்று ஏறினால் சந்தேகம் முதலில் லேபுக்கு அனுப்பிய சாம்பிள், அப்புறம் ஃபீட் (யூனிட்டுக்குள் வரும் எண்ணெய்), கசிவு, விஷம் என்ற வரிசையில் போக வேண்டும். இந்த வரிசையில் மலிவான சோதனை முதலில் வருகிறது, அதனால் வரிசையை மாற்ற வேண்டாம்.

மாதிரியில் ஆரம்பியுங்கள். சாம்பிள் பாயின்ட்டில் பழைய எண்ணெய் தேங்கியிருந்தால் நீங்கள் நேற்றைய எண்ணெயைத்தான் லேபுக்கு அனுப்புகிறீர்கள். லைனில் இருப்பது முழுக்க வெளியேறும் வரை ஓடவிட்டு, சுத்தமான காய்ந்த பாட்டிலில் பிடியுங்கள். முந்தைய ஷிஃப்ட் அதே பாட்டிலில் ஃபீட் பிடித்திருந்தால் அடியில் ஒட்டியிருக்கும் கொஞ்சம் மெழுகே முடிவைக் கெடுத்துவிடும்.

அப்புறம் சோதனை. லேபில் நடப்பதை ஒருமுறையாவது பக்கத்தில் நின்று பாருங்கள். தட்டை அடி கொண்ட கண்ணாடி ஜாடியில் எண்ணெயை ஊற்றி, தெர்மாமீட்டர் செருகிய கார்க்கால் மூடி, சூடாக்கி, பிறகு குளிர்தொட்டியில் வைப்பார்கள். ஒவ்வொரு 3 டிகிரி இறங்கும்போதும் ஜாடியை எடுத்து மெதுவாகச் சாய்த்துப் பார்ப்பார்கள். எண்ணெயின் மேல்பரப்பு அசைந்தால் உடனே திரும்பவும் தொட்டிக்குள். ஜாடியை முழுக்கப் படுக்க வைத்து ஐந்து விநாடி பிடித்தும் எண்ணெய் அசையவில்லை என்றால் அதுதான் கடைசி. அந்த அளவோடு 3 டிகிரி கூட்டியதே போர் பாயின்ட். ஆக இந்த எண் 3 டிகிரிப் படிகளில் மட்டுமே நகரும். மைனஸ் 15 வந்துகொண்டிருந்தது ஒருமுறை மைனஸ் 12 வந்தால் அது சோதனையின் ஊசலாட்டமாகவே இருக்கலாம். ஜாடியை அடிக்கடி ஆட்டினாலும், முன்சூடு சரியாகக் கொடுக்காவிட்டாலும் மெழுகுப் படிகம் வேறு விதமாகக் கட்டும், எண் மாறும். ஒரு படி மாறியதற்காக ரியாக்டரைத் தொடாதீர்கள். இன்னொரு மாதிரி அனுப்புங்கள். கூடவே கிளவுட் பாயின்ட்டும் (குளிரும்போது எண்ணெய் முதலில் கலங்கும் சூடு) கேளுங்கள்.

இரண்டாவது மாதிரியும் ஏறியே வந்தால் ஃபீட்டைப் பாருங்கள். டாங்க் மாற்றினார்களா? வேக்குவம் டவரில் (கனத்த எண்ணெயைக் குறைந்த அழுத்தத்தில் பிரிக்கும் கோபுரம்) கட் பாயின்ட்டை (எந்தக் கொதிநிலை வரை எடுப்பது என்ற எல்லை) ஏற்றினார்களா? கச்சா எண்ணெய் மாறியதா? பேனலில் ஃபீட் ரேட் அதே எண்ணைக் காட்டினாலும் மீட்டர் பொய் சொல்லலாம், டாங்க் மட்டம் எவ்வளவு இறங்கியது என்று கணக்குப் போட்டு ஒத்துப் பாருங்கள். ரேட் கூடியிருந்தால் எண்ணெய் கேட்டலிஸ்ட்டோடு இருக்கும் நேரம் குறைந்திருக்கும், மெழுகும் அந்த அளவுக்கு மிஞ்சும். மெழுகு கூடுதலான ஃபீட் வந்திருக்கிறது என்று உறுதியானால் சூட்டைக் கொஞ்சம் கூட்டுவது நியாயம். அதையும் ஓரிரு டிகிரியாகக் கூட்டி, யூனிட் நிதானத்துக்கு வர நேரம் கொடுத்து, மாதிரி பார்த்துத்தான் அடுத்த அடி வைக்க வேண்டும்.

ஃபீட்டிலும் மாற்றம் இல்லையா? இப்போது வருவதுதான் பலரும் கடைசியில் நினைக்கும் இடம், நான் முன்னுக்கு இழுத்து வைக்கும் இடம்: ஃபீட்டும் ரியாக்டர் எஃப்ளுவென்ட்டும் (ரியாக்டரை விட்டு வெளியே வருவது) சூடு பரிமாறிக்கொள்ளும் எக்ஸ்சேஞ்சர். பம்ப்பிலிருந்து நேரே வரும் ஃபீட் பக்கம் அழுத்தம் அதிகம், ரியாக்டரைத் தாண்டி வந்த பக்கம் குறைவு. டியூபில் ஊசித்துளை விழுந்தால் மெழுகு நிறைந்த ஃபீட் நேராகச் சுத்த எண்ணெயில் கலக்கும். ரியாக்டர் தன் வேலையைச் சரியாகச் செய்துகொண்டே இருக்கும், கெட்ட பேர் மட்டும் அதற்கு.

இந்தக் கசிவை அடையாளம் காட்டும் விஷயங்கள் சில உண்டு. சிறிய கசிவில் கிளவுட் பாயின்ட் முதலில் ஏறும், போர் பாயின்ட் பின்னால் வரும். ரியாக்டர் சூட்டைக் கூட்டினால் கேஸ் கூடும், போர் பாயின்ட் எதிர்பார்த்த அளவு இறங்காது. ஃபீட் ரேட்டைக் குறைத்தாலும் கசிவின் பங்கு அப்படியே நிற்கும் அல்லது கூடும். எக்ஸ்சேஞ்சருக்கு முன்னால் ரியாக்டர் அவுட்லெட்டில் கூலர் வைத்த சாம்பிள் பாயின்ட் இருந்தால் வேலை எளிது: அங்கே எண்ணெய் நன்றாக இருந்து ஸ்ட்ரிப்பர் (லேசான சரக்கைப் பிரித்தெடுக்கும் கோபுரம்) அடியில் கெட்டிருந்தால் விஷயம் தெளிவு. அப்படி ஒரு பாயின்ட் இல்லையென்றால் லேபில் கேஸ் குரோமட்டோகிராஃப் எடுத்து நேர்ச்சங்கிலிப் பாரஃபின்களின் பரவலைக் கேளுங்கள். ஃபீட்டின் பரவலும் புராடக்ட்டில் மிஞ்சியதன் பரவலும் ஒரே வடிவத்தில் இருந்தால், அது கேட்டலிஸ்ட்டைத் தொடாமல் வந்த மெழுகு. ரியாக்டருக்குள் போய் மீந்த மெழுகு அப்படியே ஃபீட்டின் சாயலில் இருக்காது. ஸ்டார்ட்-அப் பைபாஸ் லைனில் வால்வு முழுக்க அடைபடாமல் பாஸ் ஆனாலும் இதே அறிகுறிதான், அதையும் கையால் தொட்டு, சூடு பார்த்து உறுதி செய்யுங்கள்.

கடைசியாக விஷம். ஃபீட்டில் வரும் காரத்தன்மையுள்ள நைட்ரஜன் சேர்மங்கள் கேட்டலிஸ்ட்டின் அமில இடங்களில் போய் உட்கார்ந்துவிடும். உட்கார்ந்த இடத்தில் மெழுகுக்கு வேலை நடக்காது. முன்னால் இருக்கும் ஹைட்ரோட்ரீட்டர் சோர்ந்திருந்தாலோ, கோக்கர் எண்ணெய் மாதிரி உடைத்துப் பெற்ற சரக்கை யாராவது ஃபீட்டில் கலந்திருந்தாலோ நைட்ரஜன் வழுக்கி வரும். இரண்டு ரியாக்டருக்கும் நடுவில் அம்மோனியாவைப் பிரிக்கும் ஸ்ட்ரிப்பர் சரியாக ஓடாவிட்டாலும் இதேதான். இதில் ஒரு நல்ல செய்தி உண்டு, இந்த விஷம் பெரும்பாலும் நிரந்தரம் அல்ல. சுத்தமான ஃபீட் ஓடத் தொடங்கினால் உட்கார்ந்தது மெல்ல எழுந்து போகும். ஆகவே சரியான மருந்து ஹைட்ரோட்ரீட்டரைச் சரிசெய்வது. மெழுகு ரியாக்டரின் சூட்டைக் கூட்டிச் சமாளித்துவிட்டு அப்புறம் நைட்ரஜன் இறங்கினால், கேட்டலிஸ்ட் திடீரென்று முழு வீரியத்தோடு விழித்துக்கொள்ளும். அந்தச் சூட்டில் அது எண்ணெயைத் தாறுமாறாக உடைக்கும். கூட்டிய சூட்டை இறக்க மறந்த ஷிஃப்ட், மறுநாள் விளைச்சலில் அதைப் பார்க்கும்.

அறிகுறி: போர் பாயின்ட் நன்றாக இருக்கிறது, எண்ணெய் கலங்கலாக இருக்கிறது

ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் நம் கடற்கரைக் காற்றில் எவ்வளவு ஈரம் இருக்கும் என்று உங்களுக்குத் தெரியும். டாங்க் மூச்சுவிடும் வழியாக அந்த ஈரம் உள்ளே போகும். வேக்குவம் டிரையர் சரியாக இழுக்காவிட்டால் ஸ்ட்ரிப்பிங் ஸ்டீமின் ஈரமும் தங்கிவிடும். இதனால் வரும் கலங்கலைப் பார்த்து மெழுகு என்று நினைத்துக்கொண்டு ரியாக்டரைச் சூடாக்குகிறவர்கள் உண்டு.

பிரித்துப் பார்ப்பது சுலபம். மாதிரியை வெதுவெதுப்பாக, ஒரு 50 டிகிரி வரை சூடாக்குங்கள். மெழுகுக் கலங்கல் என்றால் தெளிந்துவிடும், ஆறவிட்டுக் குளிரவைத்தால் திரும்ப வரும். அந்தச் சூட்டிலும் கலங்கல் போகவில்லை என்றால் தண்ணீரைச் சந்தேகியுங்கள். காய்ந்த வடிதாளில் வடிகட்டியதும் தெளிந்தால் சந்தேகம் இன்னும் வலுக்கும். உறுதிக்குக் கார்ல் ஃபிஷர் சோதனையில் ஈரப்பதம் கேளுங்கள்.

மெழுகுதான் என்று முடிவானால் அது பெரும்பாலும் மிக நீளமான சங்கிலிகள், கனத்த எண்ணெய்களில் வால்பகுதியாக வருபவை. அளவில் கொஞ்சமே இருக்கும், அதனால் எண்ணெயின் ஓட்டத்தை நிறுத்தாது, போர் பாயின்ட்டில் தெரியாது. ஆனால் கண்ணுக்குத் தெரியும், கிளவுட் பாயின்ட்டில் தெரியும். இதற்கு மருந்து வேக்குவம் டவரில் இருக்கிறது: ஃபீட்டின் கடைசிக் கொதிநிலை எவ்வளவு, அடிச்சரக்கு தெறித்து மேலே வருகிறதா, வாஷ் ஆயில் போதுமா என்று பாருங்கள். அந்த வாலை வெட்டாமல் மெழுகு ரியாக்டரில் மட்டும் அதைத் துரத்தினால் போர் பாயின்ட் தேவைக்கு மேல் இறங்கும், விளைச்சல் போகும், கலங்கல் மட்டும் கொஞ்சம் மிஞ்சும்.

அறிகுறி: விளைச்சல் குறைகிறது, கேஸும் நாஃப்தாவும் கூடுகின்றன

ரீசைக்கிள் கேஸின் (ரியாக்டருக்குத் திரும்பச் சுற்றிவிடும் ஹைட்ரஜன் வாயு) அடர்த்தி கூடியிருக்கும், ஹைட்ரஜன் தூய்மை இறங்கியிருக்கும், விஸ்காசிட்டி இண்டெக்ஸும் சறுக்கும். குரூப் 3 எண்ணெய்க்கு (உயர்தர லூப் அடிப்படை எண்ணெய் வகை) அது 120-க்குக் குறையக் கூடாது என்பதால் வியாபாரத்தில் முதலில் அடிபடுவது அங்கேதான்.

போர் பாயின்ட் தேவைக்கு மேல் இறங்கியிருந்தால் காரணம் எளிது, சூடு அதிகம். இறக்குங்கள். ஸ்பெக் மைனஸ் 15 கேட்கும்போது மைனஸ் 24 கொடுத்துப் பெருமைப்பட ஒன்றுமில்லை, வித்திருக்க வேண்டிய எண்ணெய் ஃபிளேரில் எரிகிறது.

போர் பாயின்ட் சரியாக இருந்தும், ஏறியிருந்தும்கூட, கேஸ் கூடினால் அது வேறு கதை. பிளாட்டினம் ஏற்றிய கேட்டலிஸ்ட்டில் இரண்டு வேலைக்காரர்கள் உண்டு. உலோகம் ஹைட்ரஜனை எடுத்துக் கொடுத்து வாங்கும், அமில இடம் சங்கிலியை வளைக்கும். உலோகம் படுத்துவிட்டால் வளைய வேண்டிய மூலக்கூறு அமில இடத்தில் அதிக நேரம் மாட்டிக்கொண்டு உடைந்துபோகும். ஐசோமராக்கும் யூனிட் உடைக்கும் யூனிட்டாக மாறிவிடும். இங்கே சூட்டைக் கூட்டினால் எரிகிற வீட்டில் எண்ணெய் ஊற்றின மாதிரிதான்.

உலோகத்தைப் படுக்க வைப்பது யார் என்று தேடுங்கள். ரீசைக்கிள் கேஸில் ஹைட்ரஜன் சல்ஃபைடு இருக்கிறதா என்று டிடெக்டர் டியூப் போட்டுப் பாருங்கள். சுத்தமாக இருக்க வேண்டிய இடத்தில் டியூப் நிறம் மாறினால் ஹைட்ரோட்ரீட்டரோ நடுவில் உள்ள ஸ்ட்ரிப்பரோ கசியவிடுகிறது. இந்தச் சோதனையைத் தனியாளாகச் செய்யாதீர்கள், அந்த வாயு உயிரை எடுக்கும், கொஞ்சம் அளவு கூடினாலே மூக்கு மரத்துப்போய் வாசனையும் தெரியாது. அடுத்தது மேக்கப் ஹைட்ரஜனில் (புதிதாகச் சேர்க்கும் ஹைட்ரஜன்) கார்பன் மோனாக்சைடு. ஹைட்ரஜன் யூனிட்டில் மெத்தனேட்டரோ பிஎஸ்ஏ-வோ (ஹைட்ரஜனைச் சுத்தம் செய்யும் அமைப்புகள்) தடுமாறினால் அது வழுக்கி வந்து பிளாட்டினத்தில் ஒட்டிக்கொள்ளும். நல்ல வேளையாக மூலத்தை நிறுத்தினால் இது விலகக்கூடியது. அதனால் பக்கத்து யூனிட் பேனலுக்கு ஒரு போன் போட்டு, "இன்னைக்கு உங்க பக்கம் ஏதாவது ஆச்சா?" என்று கேட்பது நல்ல பழக்கம்.

அறிகுறி: ரியாக்டருக்குள் சூடு விநோதமாக இருக்கிறது

ஹைட்ரோட்ரீட்டர் படுகையில் (கேட்டலிஸ்ட் நிரப்பிய அடுக்கு) சூடு நன்றாக ஏறும், அது இயல்பு. மெழுகை வளைக்கும் படுகையில் பெரிய ஏற்றம் இருக்கக் கூடாது, ஐசோமராகும் வினை கிட்டத்தட்டச் சூடு கொடுக்காதது, வாங்காதது. அங்கே ஏற்றம் கூடினால் உடைப்பு நடக்கிறது என்று பொருள், மேலே சொன்ன தேடலுக்குப் போங்கள்.

ஒரே மட்டத்தில் இருக்கும் தெர்மோகப்பிள்கள் (சூடு அளக்கும் கருவிகள்) ஒன்றுக்கொன்று விலகிக்கொண்டே போனால் எண்ணெய் படுகை முழுக்கப் பரவவில்லை, ஒரு பக்கமாகத் தடம் போட்டு ஓடுகிறது. டிஸ்ட்ரிபியூட்டர் தட்டு அடைத்திருக்கலாம், சாய்ந்திருக்கலாம், கேட்டலிஸ்ட் கொட்டும்போதே சீராக நிரம்பாமல் இருந்திருக்கலாம். தடத்தில் ஓடும் எண்ணெய் மெழுகோடு வெளியே வரும், தேங்கும் இடத்தில் கோக் (கரிப் படிவு) கட்டும். ஓட்டத்தில் செய்யக்கூடியது குறைவு: கேஸ் ஓட்டத்தைக் கூட்டிப் பார்க்கலாம், ஃபீட் மிகக் குறைவாக இருந்தால் வடிவமைப்பு அளவுக்குக் கொண்டுவரலாம். மீதி ஷட்டவுனில்தான்.

அறிகுறி: பிரஷர் டிராப் ஏறுகிறது

பிரஷர் டிராப் என்றால் படுகைக்கு முன்னும் பின்னும் உள்ள அழுத்த வித்தியாசம். இங்கே என் அனுபவத்தில் அதிகம் ஏமாற்றுவது கருவிதான், ஏனென்றால் மெழுகு கருவியின் கழுத்தையும் பிடிக்கும். நம் ஊர் மார்கழி ராத்திரியில் கூட 20 டிகிரிக்குப் பக்கம்தான், குளிரா என்று கேட்பீர்கள். 40, 45 டிகிரியில் உறையும் ஃபீட்டுக்குச் சித்திரை வெயிலே குளிர்தான். டிபி டிரான்ஸ்மிட்டருக்கு (அழுத்த வித்தியாசத்தை அளக்கும் கருவி) போகும் மெல்லிய இம்பல்ஸ் லைனில் ஸ்டீம் டிரேசிங் (சூடு கொடுக்கக் கூடவே ஓடும் ஆவிக் குழாய்) ஒரு முழம் நின்றுபோனால் போதும், உள்ளே எண்ணெய் கெட்டியாகி, பேனலில் எண் மெல்ல நகர்ந்து ஒரு இடத்தில் ஆடாமல் அசையாமல் நிற்கும். ஃபீட் ரேட்டை மாற்றினாலும் அது மாறாது. அதுதான் அடையாளம்: உண்மையான பிரஷர் டிராப் ரேட்டோடு சேர்ந்து ஆடும், உறைந்த லைன் ஆடாது. ஃபீல்டுக்குப் போய் டிரேசிங் குழாயில் சூடு இருக்கிறதா, ஸ்டீம் டிராப்பிலிருந்து (trap) கண்டென்சேட் (ஆவி குளிர்ந்த நீர்) வருகிறதா, இன்சுலேஷன் பிய்ந்து மழைத்தண்ணீர் இறங்கியிருக்கிறதா என்று பாருங்கள்.

கருவி சரி என்றால் முதல் படுகையின் தலைப்பகுதியில் குப்பை சேருகிறது. ஃபீட் ஃபில்டரை யாராவது பைபாஸில் விட்டிருக்கிறார்களா? யூனிட்டுக்கு முன்னால் உள்ள குழாய்களின் அரிப்பிலிருந்து இரும்பு சல்ஃபைடு தூளாக வரும். இன்னொன்று, டாங்க்கில் நைட்ரஜன் போர்வை இல்லாமல் கிடந்த ஃபீட் காற்றோடு சேர்ந்து பிசின் மாதிரி ஆகி, சூடான இடத்தில் ஒட்டும். போர்வையைச் சரிசெய்யுங்கள், முடிந்தால் டாங்க்கைத் தவிர்த்துச் சூடான ஃபீட்டை நேராக எடுங்கள். சேர்ந்ததை ஓட்டத்தில் கரைக்க முடியாது, ஷட்டவுனில் மேல் அடுக்கைச் சுரண்டி எடுப்பார்கள்.

அறிகுறி: நிறம் கெடுகிறது, ஃபிளாஷ் குறைகிறது

இரண்டும் மெழுகு ரியாக்டரின் குற்றம் அல்ல.

நிறமும், வெயிலில் வைத்தால் கருத்துப்போவதும் பின்னால் இருக்கும் ஹைட்ரோஃபினிஷரின் பொறுப்பு. அதன் சூட்டைக் கூட்டினால் சரியாகும் என்று தோன்றும். அரோமேட்டிக்கில் ஹைட்ரஜன் ஏற்றும் வினை சூடு கொடுக்கும் வினை. ஒரு அளவுக்கு மேல் சூடேற்றினால் சமநிலை பின்னோக்கிப் போகும், நிறம் இன்னும் கெடும். அந்த ரியாக்டர் மெழுகு ரியாக்டரைவிட நல்ல குளிர்ச்சியாக ஓடுவதற்குக் காரணமே அதுதான். பல நேரங்களில் சூட்டை இறக்குவதே மருந்து. ஃபிளாஷ் (எண்ணெய் ஆவி தீப்பற்றும் மிகக் குறைந்த சூடு) குறைந்தால் ஸ்ட்ரிப்பரில் லேசான சரக்கு மிச்சம் இருக்கிறது, ஸ்டீமையும் அடிச்சூட்டையும் பாருங்கள்.

அறிகுறி: போர் பாயின்ட் மாதக்கணக்கில் மெல்ல ஏறுகிறது

இதற்குத்தான் சூட்டைக் கூட்டும் உரிமை இருக்கிறது. கோக் மெல்லப் படிய, கேட்டலிஸ்ட் சோர, ஒரே போர் பாயின்ட்டுக்கு ஒவ்வொரு மாதமும் கொஞ்சம் கூடுதல் சூடு தேவைப்படும். அதே ஃபீட், அதே ரேட் என்று சரிக்கட்டி ஒரு கிராஃப் வைத்திருங்கள். கோடு நிதானமாக ஏறினால் இயல்பு. கோடு திடீரென்று செங்குத்தானால் ஹைட்ரஜன் அழுத்தமோ, எண்ணெய்க்கு ஹைட்ரஜன் விகிதமோ குறைந்திருக்கிறதா என்று பாருங்கள், அவை குறைந்தால் கோக் வேகமாகப் படியும். சில வகைக் கேட்டலிஸ்ட்டை ஃபீட்டை நிறுத்திச் சூடான ஹைட்ரஜன் ஓட்டிப் புத்துயிர் கொடுக்கலாம். எவ்வளவு சூடு, எத்தனை மணி நேரம் என்பதைக் கேட்டலிஸ்ட் கொடுத்தவர்களிடம் எழுத்தில் வாங்கிக்கொண்டு செய்யுங்கள்.

டீசலில் மெழுகு நீக்கும் யூனிட்டில் இருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. நம் நாட்டு டீசலுக்குக் குளிர் வடிகட்டி அடைப்பு வரம்பு (மெழுகு கட்டி வடிகட்டியை அடைக்கும் சூடு) கோடையில் 18 டிகிரி, குளிர்காலத்தில் 6 டிகிரி. சீசன் மாறும் வாரத்தில் இலக்கு மாறியதை அறியாத ஷிஃப்ட், இல்லாத பிழையைத் தேடிக்கொண்டிருக்கும்.

அறிகுறி: கரண்ட் போய் ரீசைக்கிள் கம்ப்ரசர் நின்றுவிட்டது

இதில் தேடுவதற்கு ஒன்றுமில்லை, உடனே செய்ய வேண்டியதுதான் உண்டு. ஹைட்ரஜன் ஓட்டம் இல்லாமல் சூடான கேட்டலிஸ்ட்டின் மேல் எண்ணெய் நின்றால் கோக் கட்டும், சூடு எகிறவும் செய்யும். ஃபீட்டை வெட்டுங்கள், ஹீட்டரை அணையுங்கள், மேக்கப் ஹைட்ரஜன் இருந்தால் திரும்பச் சுற்றாமல் ஒரே முறை ஓடி வெளியேறும்படி விடுங்கள். படுகைச் சூடு வரம்பைத் தொட்டால் யாரிடமும் அனுமதி கேட்காமல் டிப்ரஷர் (அழுத்தத்தை வெளியேற்றும்) பொத்தானை அழுத்துங்கள். அவசரத்தில் ஃபிளாஞ்ச் பக்கம் ஓடும்போது நினைவில் வையுங்கள், ஹைட்ரஜன் தீ பகலில் கண்ணுக்குத் தெரியாது.

அதற்கு அடுத்த மணி நேரம்தான் மெழுகு யூனிட்டுக்கே உரிய சோதனை. ஓட்டம் நின்ற ஃபீட் குழாயும் எக்ஸ்சேஞ்சரும் ஆறத் தொடங்கும், உள்ளே இருப்பது உறையும். உறைந்துவிட்டால் ஸ்டீம் விட்டு அடி அடியாக இளக்குவதற்குள் நாள்கள் போய்விடும். ஆகவே சூடு இருக்கும்போதே மெழுகில்லாத கேஸ் ஆயிலால் ஃபீட் சர்க்யூட்டைத் தள்ளிக் கழுவிவிட வேண்டும். 2018 நவம்பர் 16-ல் கஜா கரையேறிய பிறகு டெல்டாவில் எத்தனை ஊர்கள் வாரக்கணக்கில் இருட்டில் கிடந்தன என்று பார்த்தவர்கள் நாம். கடற்கரை ஆலையில் வேலை பார்த்தால், புயல் எச்சரிக்கை வந்த அன்றைக்கே ஃபிளஷிங் ஆயில் டாங்க்கின் மட்டத்தையும், அந்தப் பம்ப் எமர்ஜென்சி பவரில் இருக்கிறதா என்பதையும் பார்த்து வையுங்கள்.

திரும்ப ஓட்டும்போது முதலில் அந்தக் கேஸ் ஆயிலோடு சூடேற்றி, ஹைட்ரஜன் ஓட்டம் நிலைத்த பிறகுதான் மெழுகு ஃபீட்டை உள்ளே விட வேண்டும். அதற்கு முன் ரியாக்டர் சுவர் குளிர்ந்திருக்கும்போது முழு அழுத்தத்தை ஏற்றாதீர்கள், கனத்த குரோம்-மாலிப்டினம் எஃகுக்குக் குறைந்தபட்சச் சூடு ஒன்று குறித்திருப்பார்கள். ஃபீட் உள்ளே போன பிறகு வரும் முதல் மாதிரிகளில் கேஸ் ஆயில் கலந்திருக்கும். அவற்றின் போர் பாயின்ட் நன்றாகவே வரும், நம்ப வேண்டாம். ஃபிளாஷும் விஸ்காசிட்டியும் பழைய நிலைக்கு வரும் வரை எண்ணெயை ஆஃப்-ஸ்பெக் டாங்க்குக்கே அனுப்புங்கள்.